சோகம் தலைமை தாங்கிய வேலைநிறுத்தம்

அவளுடைய முகம் பிறவியிலேயே அப்படி. கண்களின் வெளி ஓரங்கள் இரண்டும் கீழ்நோக்கிச் சரிந்திருக்கும். உதட்டின் ஓரங்களும் அவற்றுக்குத் துணையாக இறங்கியிருக்கும். அவளுடைய கல்யாணப் போட்டோவைப் பார்ப்பவர்கள், "யாரு தவறிப்போனாங்க?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்பார்கள். உண்மையில் அந்த வட்டாரத்திலேயே நிம்மதியான மனுஷி அவள்தான். படுத்தால் தூக்கம் வரும், சாப்பிட்டால் செரிக்கும். யாராவது வேடிக்கையாக ஒன்று சொன்னால் மற்றவர்களுக்கு முன்பே அவளுக்குப் புரிந்துவிடும். ஆனால் அவள் சிரிப்பதைத் தூரத்திலிருந்து பார்ப்பவர்கள் தண்ணீர் எடுத்துக்கொண்டு ஓடி வருவார்கள். சலவை ஆலையில் எல்லோரும் அவளைச் 'சோகம்' என்றே கூப்பிட்டார்கள். பதினாறு வருஷமாக அவளும் அதற்குத் திரும்பிப் பார்த்துப் பழகிவிட்டாள்.

ஊரிலுள்ள ஓட்டல்களின் படுக்கை விரிப்புகள், ஆஸ்பத்திரிகளின் தலையணை உறைகள் எல்லாம் அந்த ஆலைக்குத்தான் வரும். சோகத்துக்கு மடிப்புப் பகுதியில் வேலை. நீராவி உருளையிலிருந்து விரிப்பு அனலாக வெளியே வந்து விழும். ஒருத்தி இந்த முனையையும் இன்னொருத்தி அந்த முனையையும் பிடித்து, ஓங்கி ஒரு உதறு உதறி, எதிரெதிரே நடந்து வந்து முனைகளைச் சேர்க்க வேண்டும். ஒரு ஜோடிக்கு ஒரு நாளில் எண்ணூறு விரிப்பு. அந்தக் கூடத்தில் ஆறு ஜன்னல்கள் இருந்தன. நீராவி வீணாகக் கூடாது என்று முதலாளி ஆறையும் ஆணியடித்து, மேலே கெட்டியாகப் பெயின்டும் பூசியிருந்தார். உட்காருவதற்கு ஒரு பலகைகூடக் கிடையாது. உட்கார்ந்தால் மனுஷனுக்குத் தூக்கம் வரும் என்பது முதலாளியின் ஆராய்ச்சி. அந்த ஆராய்ச்சியை அவர் உட்கார்ந்துகொண்டே செய்திருந்தார்.

ஒரு வெள்ளிக்கிழமை சோகத்துக்கு எதிர்முனையில் புதிதாகச் சேர்ந்த பெண் நின்றாள். ஆறு மாதக் கர்ப்பம். இரண்டு பேரும் எதிரெதிரே நடந்து வரும்போது விரிப்பின் அந்தப் பக்கம் திடீரென்று தொய்ந்தது. விளையாடுகிறாள் என்று நினைத்துச் சோகம் ஒரு இழுப்பு இழுத்தாள். விரிப்பு மட்டும் வந்தது. பெண் தரையில் கிடந்தாள்.

முகத்தில் தண்ணீர் தெளித்ததும் அவள் எழுந்துவிட்டாள், வயிற்றுப் பிள்ளைக்கும் ஒன்றுமில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆனால் அந்த இழுப்பு சோகத்தின் கையைவிட்டுப் போகவில்லை. வீட்டில் துணி உலர்த்தும்போதுகூட அவள் எதையும் வேகமாக இழுக்கப் பயந்தாள்.

"இந்த மாசத்துல இவ மூணாவது, அண்ணி," என்றாள் சங்கு. "இன்னொருத்தி விழற வரைக்கும் பார்த்துக்கிட்டு நிக்க என்னால ஆகாது."

சங்கு சோகத்தின் நாத்தனார். சோகத்தின் கணவன் ஆலையில் கொதிகலன் பார்ப்பவன், அவனுடைய தங்கை. உருண்டை முகம், எந்நேரமும் சிரிப்பு. முன்னொரு காலத்தில் ஆலைச் சங்கு பழுதானபோது ஷிப்டு முடிந்ததை அவள்தான் கத்திச் சொன்னாள், தெருக்கோடிக் கடைக்காரரும் கேட்டுக் கடையைச் சாத்தினார். அப்போது வைத்த பெயர். சனி, ஞாயிறு இரண்டு நாளில் அவள் அறுபத்து மூன்று பேர் வீட்டுக்கும் போய் வந்தாள். திங்கட்கிழமை காலையில் அறுபத்து மூன்று பேரும் வாசலுக்கு வெளியே நின்றார்கள். கோரிக்கைகள் இரண்டு: ஜன்னலைத் திற, ஆளுக்கொரு ஸ்டூல் கொடு.

மூன்றாம் நாள் சாயங்காலத்துக்குள் முதலாளிக்குக் கை கால் ஓடவில்லை. ஊரின் பெரிய ஓட்டலில் மேஜைத் துணியை விரித்து விருந்தாளிகளைப் படுக்கவைத்திருந்தார்கள். அதில் ஒருவருக்குக் காதருகே ஊறுகாய்க் கறை ஒட்டிக்கொண்டது. முதலாளி சங்குவை உள்ளே கூப்பிட்டார்.

"நாளைக்குக் காலையில எழுதிக்கலாம்மா. ஜன்னல்தானே? திறந்து தொலைக்கறேன்."

மறுநாள் காலையில் எல்லோரும் குளித்து, தலை வாரி, வேலைக்குப் போகிற தோரணையில் வந்து சேர்ந்தார்கள். ஆனால் வாசலில் ஒரு பெரிய வேன் நின்றது. அதன் பக்கவாட்டில் 'உழைப்போர் போராட்ட ஆவணப்பட வாரியம்' என்று எழுதியிருந்தது. வேனிலிருந்து முதலில் பன்னிரண்டு மடக்கு நாற்காலிகள் இறங்கின. அதன் பிறகு அவற்றில் உட்காரவேண்டியவர்கள் இறங்கினார்கள்.

வாரியத் தலைவர் நடு நாற்காலியில் அமர்ந்து கேட்டார். "இன்னிக்கு எத்தனாவது நாள்?"

"நாலாவது நாள் சார். இன்னிக்கு முடியுது," என்றாள் சங்கு பெருமையாக.

தலைவரின் முகம் வாடிவிட்டது. "முடியுதா? யாரைக் கேட்டு முடிக்கறீங்க?"

"முதலாளி ஒத்துக்கிட்டார் சார்."

"அவர் ஒத்துக்குவார். சட்டம் ஒத்துக்கணுமே? எங்களுக்கு ஒதுக்கியிருக்கறது 'நெடும் போராட்டம்'ங்கற பிரிவு. குறைஞ்சது இருபத்தொரு நாள். நாலு நாள்ல முடிஞ்சா அது குறும் போராட்டம். குறும் போராட்டத்துல லிஃப்ட் ஓட்டறவங்களை ஏற்கெனவே எடுத்தாச்சு. உங்களை நான் எங்க கொண்டுபோய் வைக்கறது?"

சோகம் தன் பக்கத்திலிருந்தவளைப் பார்த்தாள். அவள் சோகத்தைப் பார்த்தாள். தங்களை எங்கே வைப்பது என்று இருவருக்குமே தெரியவில்லை.

தலைவர் முதலாளியின் அறைக்குள் போனார். இரண்டு டீ போயிற்று. அரை மணி கழித்து முதலாளி வெளியே வந்தபோது தலையைப் படிய வாரியிருந்தார். கையில் ஒரு ஆணை இருந்தது. 'படப்பிடிப்பு நிறைவுறும் வரை களத்தின் நிலையில் எவ்வித மாற்றமும் செய்யலாகாது' என்று அதில் கண்டிருந்தது. கீழே முத்திரை.

"நான் தயாராத்தாம்மா இருக்கேன். வாரியம் விடமாட்டேங்குதே," என்றார் முதலாளி. அவர் முகத்தில் வருத்தம் தெரியவில்லை. எந்தப் பக்கம் திரும்பினால் தன் மூக்கு நன்றாக இருக்கும் என்ற யோசனைதான் தெரிந்தது.

இப்படியாக நாலு நாளில் முடியவேண்டிய வேலைநிறுத்தம் அரசாங்க உத்தரவின் பேரில் நீண்டது.

படத்தை இயக்க வந்தவர் இரண்டு கை விரல்களையும் சட்டம்போலச் சேர்த்து, அதன் வழியாகத்தான் எதையும் பார்ப்பார். வெறுங்கண்ணால் பார்த்தால் அவருக்குத் தெரியுமா என்பதே சந்தேகம். "இந்தப் போராட்டத்துக்குத் தலைவர் யாரு?" என்று கேட்டார்.

"நான்தான் சார்," என்று சங்கு சிரித்துக்கொண்டே முன்னால் வந்தாள்.

விரல் சட்டம் அவளை மேலும் கீழும் அளந்தது. "இவங்க நல்லா சாப்பிடறவங்க மாதிரி தெரியறாங்களே."

"நல்லாத்தான் சார் சாப்பிடுவேன்."

"படத்துக்கு ஆகாது." சட்டம் கூட்டத்தின்மேல் மெதுவாக நகர்ந்தது. சோகத்திடம் வந்ததும் நின்றுவிட்டது. இயக்குநருக்கு மூச்சே நின்றுவிட்டது. "ஐயோ! அந்த முகம்! அதுல எத்தனை தலைமுறையோட வலி! அம்மா, இந்த நிமிஷம் உங்க மனசுல என்ன ஓடுது?"

"அடுப்பை அணைச்சேனா இல்லையான்னு யோசிச்சிட்டிருந்தேன் சார்."

"பாருங்க, எவ்வளவு அடக்கிக்கறாங்க!" என்றார் இயக்குநர். வாரியத்தின் ஆள் ஒருவர் அதை நோட்டில் எழுதிக்கொண்டார்.

எழுதிக்கொண்டவர் உண்மை அதிகாரி. ஆவணப்படத்தில் பொய் கலந்துவிடக் கூடாது அல்லவா? அதற்காக வாரியம் அவரை வைத்திருந்தது. ஒல்லியான மனிதர், வெயிலோ நிழலோ சட்டைக் கழுத்துப் பொத்தானைக் கழற்றமாட்டார். பையில் எப்போதும் ஒரு ரப்பர் முத்திரை. ஒவ்வொரு காட்சி முடிந்ததும் அதற்குரிய தாளில் 'மெய்' என்று ஒரு குத்து. அந்தக் குத்து விழாத காட்சியைப் படத்தில் சேர்க்கக் கூடாது என்பது விதி. பன்னிரண்டு நாற்காலியில் அவருக்கு ஒன்று கிடையாது. நின்றுகொண்டே குத்துவார்.

அன்று முதல் சோகம் வேலைநிறுத்தத்துக்குத் தலைவி ஆனாள்.

"எனக்குப் பேசவே வராதேடி," என்று வீட்டுக்குப் போகும் வழியில் அவள் கலங்கினாள்.

"நீங்க பேசவேண்டாம் அண்ணி. சும்மா நின்னாலே போதுமாம். உலகமே பார்க்கும்கறாங்க. உலகம் பார்த்தா நம்ம ஜன்னலுக்கு நல்லதுதானே?" என்றாள் சங்கு. அவளும் அப்போது அதை நம்பத்தான் செய்தாள்.

மறுநாள் கோரிக்கைகளைப் பரிசீலித்தார்கள். தலைவர் தாளைக் கையில் வைத்துக்கொண்டு உதட்டைப் பிதுக்கினார்.

"ஜன்னல், ஸ்டூல்... இதெல்லாம் தச்சர்கிட்ட சொல்ற சமாசாரம். போராட்டம்னா அதுக்கு ஒரு உயரம் வேணும்."

"ஸ்டூல் ஒன்றரை அடி உயரம் இருந்தாப் போதும் சார்," என்றாள் கூட்டத்தில் ஒருத்தி.

வாரியத்தின் வசனக் குழு பகல் முழுவதும் கூடி, கோஷத்தைத் திருத்தித் தந்தது. 'ஜன்னலைத் திற, ஸ்டூலைக் கொடு' என்பது போய், 'விடியலைத் திற, வரலாற்றைக் கொடு' என்று வந்தது. அறுபத்து மூன்று பேரும் அதைத் தொண்டை வறளக் கத்தினார்கள். சைக்கிளில் போன ஒருவர் காலை ஊன்றி நின்று, "என்னம்மா கேக்கறீங்க?" என்றார்.

"விடியல் வேணுமாம்."

"அதான் தினமும் ஆறு மணிக்கு வருதே," என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

அடுத்தது உடுப்பு. இருபத்தொரு நாள் எடுக்கும் படம் ஒரே நாளில் நடந்ததுபோலவும் தெரியவேண்டும், இருபத்தொரு நாளாக நடப்பதுபோலவும் தெரியவேண்டும் என்று இயக்குநர் விரும்பினார். ஆகவே எல்லோரும் முதல் நாள் போட்ட சட்டையையே தினமும் போட வேண்டும். துவைக்கக் கூடாது, கறை இடம் மாறிவிடும். கறைகளைச் சரிபார்க்கவென்றே வாரியத்தில் ஒரு பெண் இருந்தாள். ஊரின் அழுக்கையெல்லாம் வெளுத்துத் தந்த அறுபத்து மூன்று பேர், ஒரு வாரத்தில் பஸ்ஸில் ஏறினால் பக்கத்து இருக்கை காலியாகும் நிலைக்கு வந்தார்கள்.

பத்தாம் நாள் சோகம் அழ வேண்டியிருந்தது. முகம் தயாராக இருந்தது, கண்ணீர் மட்டும் வரவில்லை. இயக்குநர் அவளுடைய துயரங்களையெல்லாம் நினைக்கச் சொன்னார். அவள் ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தாள். நடுவில் ஊறுகாய்க் கறையோடு எழுந்த விருந்தாளி ஞாபகத்துக்கு வந்துவிட, சிரிப்புப் பொத்துக்கொண்டு வந்தது. கண்ணில் விடும் மருந்தை ஒருவர் கொண்டுவந்தார். உண்மை அதிகாரி குறுக்கே கையை நீட்டித் தடுத்தார்.

"மருந்துக் கண்ணீர் பொய்க் கண்ணீர். விதி ஒன்பது. வெங்காயம்னா சரி. அது இயற்கையா வரவழைக்கிற கண்ணீர்."

சோகம் வீட்டில் வெங்காயத்தை வைத்துக்கொண்டு பழகினாள். கணவன் சமையலறை வாசலில் நின்று பார்த்தான்.

"நறுக்கித்தான் ஆகணும்னா, நறுக்கினதைச் சட்டியிலயாவது போடு. மூணு நாளா சும்மா கஞ்சிதான் ஓடுது."

அவன் கிண்டலாகச் சொன்னாலும் விஷயம் அதுதான். பதினைந்தாம் நாள் வந்தபோது எல்லார் வீட்டு அடுப்படியிலும் டப்பாக்களின் அடி தெரிந்தது. உருளை ஓட்டும் இருவர், "நாங்க உள்ள போயிடறோம்" என்று முணுமுணுத்தார்கள். சங்குவின் சிரிப்பும் குறைந்துவிட்டது. குறைந்ததைப் பார்த்து இயக்குநர், "இப்பதான் கொஞ்சம் தேறி வர்றாங்க," என்றார்.

முதலாளி மட்டும் நாளுக்கு நாள் மினுமினுத்தார். கோபமாக மாடிப்படி இறங்கும் காட்சியை அவர் எட்டு முறை இறங்கினார். இறங்கி முடித்ததும் நேராக வாசலுக்கு வந்து, வேலைநிறுத்தம் செய்பவர்களிடமே கேட்டார். "என் கோபம் எப்படிம்மா இருந்துச்சு? உண்மையைச் சொல்லுங்க. கொஞ்சம் கம்மியோ?"

"முதல் நாள் எங்களைத் திட்டினீங்களே, அது நல்லா இருந்துச்சு சார்," என்றாள் சங்கு.

முதலாளி அதைக் குறித்துக்கொண்டார்.

அன்று மாலை வாரியத் தலைவர் தொழிலாளிகளுக்கு ஊக்கம் கொடுக்க ஓர் உரை நிகழ்த்தினார். அறுபத்து மூன்று பேரும் வெயிலில் நின்று கேட்டார்கள். வாரியம் குடைக்குக் கீழ் உட்கார்ந்து கேட்டது.

"தோழர்களே! இந்த வாரியம் இதுவரைக்கும் நாற்பத்தொரு போராட்டங்களைப் படமா எடுத்திருக்கு. நாற்பத்தொண்ணையும் நாங்க கண்ணுக்குள்ள வெச்சுப் பாதுகாக்கறோம். அதுல ஜெயிச்சது எத்தனை, தோத்தது எத்தனைன்னு என்னைச் சிலர் கேக்கறாங்க. அதெல்லாம் எங்க வேலை இல்லை! உங்க கஷ்டம் தீர்ந்துபோச்சுன்னா யாருக்கு நஷ்டம்? உங்களுக்கு இல்லை. நாளைக்கு எங்க கேமரா எதைப் பார்க்கும்? அதனால பொறுமையா இருங்க. நீங்க கஷ்டப்படற ஒவ்வொரு நாளும் எங்க காப்பகத்துல பத்திரமா இருக்கும்."

வாரியம் கை தட்டியது. தட்டும் சத்தம் சரியாகப் பதிவாகவில்லை என்று இன்னொரு முறையும் தட்டியது.

பதினேழாம் நாள் அந்தக் கர்ப்பிணிப் பெண் வாசலுக்கு வந்தாள். டாக்டர் ஓய்வெடுக்கச் சொல்லியிருந்தும், வீட்டில் இருப்புக் கொள்ளாமல் மற்றவர்களோடு சற்று நேரம் இருந்துவிட்டுப் போகலாம் என்று வந்து படியில் உட்கார்ந்தாள். இயக்குநரின் விரல் சட்டம் உடனே அவள் பக்கம் திரும்பியது.

"இவங்கதானே மயங்கி விழுந்தது? அப்ப நாங்க இல்லை. அது பதிவாகாமப் போச்சு. உள்ள போய் உருளைப் பக்கத்துல நின்னு ஒருதரம் விழுந்து காட்டச் சொல்லுங்க. கொதிகலனை மூட்டி உருளையைச் சுடச்சுட வெச்சா நல்லது."

உண்மை அதிகாரி விதிப் புத்தகத்தைப் புரட்டினார். "உண்மையா நடந்ததை அதே ஆள் அதே இடத்துல திரும்பச் செய்தா அது மெய்தான்," என்றார். சொல்லும்போது புத்தகத்திலிருந்து தலையை எடுக்கவில்லை.

அந்தப் பெண் என்ன செய்வதென்று தெரியாமல் எழுந்துகொள்ளப் போனாள். சோகத்தின் கையில் அந்தப் பழைய இழுப்பு சுரீரென்று வந்தது. அவள் பெண்ணின் தோளில் கை வைத்து உட்காரவைத்தாள்.

"அவ விழமாட்டா."

"அம்மா, உங்களுக்கு இந்த இடத்துல வசனம் கிடையாது," என்றார் இயக்குநர்.

"தலைவின்னு நீங்கதானே சொன்னீங்க? தலைவி சொல்றேன். அவ விழமாட்டா. இங்க யாரும் இனிமே விழமாட்டாங்க. விழுந்தே தீரணும்னா நீங்க போய் உருளைகிட்ட பத்து நிமிஷம் நில்லுங்க, தானா விழுவீங்க."

பதினாறு வருஷத்தில் சோகம் சேர்ந்தாற்போல அத்தனை வார்த்தை பேசி யாரும் கேட்டதில்லை. முதலில் சங்கு கை தட்டினாள், பிறகு எல்லோரும் தட்டினார்கள். வேன் டிரைவர்கூட ஜன்னலுக்குள்ளிருந்து தட்டிவிட்டு, தலைவர் திரும்பியதும் கொசு அடித்ததுபோல் கையைத் துடைத்துக்கொண்டார்.

"அருமை!" என்றார் இயக்குநர். "இதே கோபத்தோட இன்னொரு டேக் போலாமா?"

வீட்டுக்குத் திரும்பும்போது பாதித் தெருவில் சோகம் சங்குவின் பக்கம் திரும்பினாள்.

"கடைசிக் காட்சி என்னன்னு கேட்டியா?"

"முதலாளி ஒப்பந்தத்துல கையெழுத்து போடறது அண்ணி. வசனக் குழு ஜெயிக்கறதா தோக்கறதான்னு ரெண்டு நாள் அடிச்சுக்கிச்சு. போஸ்டருக்கு ஜெயிக்கறதுதான் நல்லா இருக்கும்னு முடிவு பண்ணிட்டாங்க. படத்துல ஜெயிச்சு நமக்கு என்ன?"

"அந்த முத்திரைக்காரர், காட்டற எல்லாம் உண்மையா இருக்கணும்னு சொல்லிட்டே இருக்காரே."

"ஆமா, அதுக்கு?"

"வெத்துப் பேப்பரைக் காட்டி ஒப்பந்தம்னு சொன்னா அது உண்மையா?"

சங்கு நடுத்தெருவில் நின்றுவிட்டாள். அண்ணியின் முகத்தை உற்றுப் பார்த்தாள். வழக்கம்போல அதில் துக்கத்தைத் தவிர வேறொன்றும் தெரியவில்லை. பிறகு சங்கு சிரித்த சிரிப்பில் தெருக்கோடிக் கடைக்காரர் கடையைச் சாத்தலாமா என்று எட்டிப் பார்த்தார்.

இருபத்தொன்றாம் நாள் ஆலை முற்றத்தில் ஒரு மேஜை போட்டார்கள். முதலாளிக்குப் பெரிய நாற்காலி. முன்னால் பேனா, ஒரு வெள்ளைத் தாள். இயக்குநர் தொடங்கச் சொல்லிக் கையைத் தூக்கிய நேரத்தில், சோகம் உண்மை அதிகாரியிடம் போனாள்.

"சார், ஒரு சந்தேகம். வெத்துத் தாள்ல கையெழுத்து போட்டா அது மெய்யா?"

உண்மை அதிகாரி விதிப் புத்தகத்தை எடுத்தார். அவர் வேலைக்குச் சேர்ந்த நாள் முதல் அவரிடம் யாரும் சந்தேகம் கேட்டதில்லை. முத்திரை எங்கே என்றுதான் கேட்டிருக்கிறார்கள். அவர் கழுத்துப் பொத்தானைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு முன்னால் வந்தார். "நிறுத்துங்க. விதி பதினாலு. படத்துல வர்ற ஆவணம் உண்மையான ஆவணமா இருக்கணும்."

தலைவர் எரிச்சலோடு கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "எதையாவது எழுதி வைங்கய்யா. யாரு படிக்கப்போறாங்க?"

"என்கிட்ட ஒண்ணு இருக்கு சார்," என்று சங்கு ஏப்ரன் பையிலிருந்து ஒரு தாளை எடுத்தாள். "சும்மா கையெழுத்து பழகறதுக்கு எழுதினது."

குண்டு குண்டாக அழகான எழுத்து. ஆறு ஜன்னல்களும் மறுநாளே திறக்கப்படும். ஒரு வாரத்துக்குள் அறுபத்து மூன்று ஸ்டூல்கள் வரும். கர்ப்பிணிகளுக்கு உருளைப் பக்கம் வேலை தரப்படாது. தண்ணீர் குடிக்கவும் உட்காரவும் யாரும் யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. வேலைநிறுத்தம் செய்தவர் எவரையும் அதற்காக வேலையிலிருந்து நீக்கக் கூடாது. தேதி, ஆலையின் முகவரி, கையெழுத்துப் போட இரண்டு கோடுகள்.

இயக்குநர் விரல் சட்டத்தின் வழியாகப் பார்த்தார். படிக்கவில்லை. "எழுத்து நல்லா விழும்," என்றார்.

முதல் டேக்கில் முதலாளி கம்பீரமாகக் கையெழுத்திட்டார். தோற்றவன் இப்படிப் போடமாட்டான் என்றார் இயக்குநர். இரண்டாவதில் கை நடுங்கப் போட்டார், நடுக்கம் அதிகம். தாள் வீணாயிற்றே என்று தலைவர் கவலைப்பட்டபோது, சங்கு பையில் கைவிட்டாள்.

"எத்தனை டேக் ஆகுமோன்னு பத்து எழுதி வெச்சிருக்கேன் சார்."

"இந்த மாதிரி ஒத்துழைப்பை நான் எங்கயும் பார்த்ததில்லை," என்று தலைவர் நெகிழ்ந்தார்.

மூன்றாவதில் பெருமூச்சு. நான்காவதில் ஜன்னலைப் பார்த்துவிட்டுப் போட்டார். ஐந்தாவதில் முதலாளியே வெங்காயம் கேட்டு வாங்கினார். ஒவ்வொன்றிலும் அவருக்குப் பக்கத்தில் நின்று சோகமும் கையெழுத்திட்டாள். அவளுக்கு உள்ளே சிரிப்புக் குமுறிக்கொண்டு வந்தது. பல்லைக் கடித்து, மூச்சை அடக்கி, கால் கட்டை விரலால் தரையை அழுத்திக்கொண்டு நின்றாள். கண்ணிலிருந்து முதல் முறையாக வெங்காயமில்லாமல் தண்ணீர் வழிந்தது.

"வெற்றியிலும் என்ன ஒரு சோகம்!" என்று இயக்குநர் கிசுகிசுத்தார்.

ஏழாவது டேக் சரியாக வந்தது. தலைவர் கேமரா முன் எழுந்து நின்று, நெஞ்சில் கை வைத்துக்கொண்டு, "இந்த ஆவணத்திலுள்ள ஒவ்வொரு எழுத்தும் உண்மையென்று வாரியம் உறுதி கூறுகிறது," என்று முடித்துவைத்தார். அவர் அதை ஒவ்வொரு படத்திலும் சொல்வார். உண்மை அதிகாரி முன்னால் வந்தார். மேஜையில் கிடந்த தாளை அவர் மட்டும் மேலிருந்து கீழ்வரை படித்தார். பிறகு சோகத்தை நிமிர்ந்து பார்த்தார். ஏழு தாள்களையும் வரிசையாக வைத்து, ஒவ்வொன்றிலும் நிதானமாக, மை நன்றாகப் படியும்படி முத்திரை குத்தினார். மெய். மெய். மெய்.

மறுநாள் காலையில் சோகமும் சங்குவும் முதலாளியின் அறைக்குள் போனார்கள். பின்னால் உளியும் சுத்தியலுமாகச் சோகத்தின் கணவன். தாளைப் பார்த்த முதலாளி சிரித்தார்.

"அது படம்மா!"

"ஆவணப்படம் சார்," என்றாள் சோகம்.

முதலாளியின் முகத்தில் ஈயாடவில்லை. உடனே தலைவருக்குப் போன் பறந்தது. தலைவர் உண்மை அதிகாரியையும் கூட்டிக்கொண்டு வந்தார். நடந்ததைக் கேட்டு வாயைப் பிளந்தார். பிறகு உண்மை அதிகாரியின் பக்கம் திரும்பி, "அந்த முத்திரையைத் திருப்பி எடுக்க ஏதாவது விதி இருக்கா?" என்று கேட்டார்.

"இல்லை சார். ஒப்பந்தம் மெய் இல்லைன்னா காட்சி மெய் இல்லை. காட்சி மெய் இல்லைன்னா படத்தை விழாவுக்கு அனுப்ப முடியாது."

தலைவர் ஒரு நிமிஷம்தான் யோசித்தார். பிறகு முதலாளியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நீங்க பெரிய மனுஷர், யோசிச்சுப் பாருங்க. கையெழுத்து பொய்னா படம் பொய். படம் பொய்னா வாரியம் பொய். வாரியமே பொய்னா அப்புறம் நான் யாரு? விழாவுக்கு எட்டு பேர் போறோம். என் மனைவி சூட்கேஸ்கூட அடுக்கிட்டா. தயவு பண்ணி அந்த ஜன்னலைத் திறந்துடுங்க."

வெளியே ஓட்டல்காரரின் வண்டி ஹாரன் அடித்துக்கொண்டே நின்றது. முதலாளி நாற்காலியில் சாய்ந்தார். "அந்த ஏழாவது டேக்," என்றார் பலவீனமாக, "நெருக்கத்துல எடுத்தது, அதை வெட்டிடமாட்டீங்களே?"

"மாட்டோம்," என்று தலைவர் வாக்குக் கொடுத்தார்.

கணவன் உளியை வைத்து ஒரு தட்டுத் தட்டினான். பதினெட்டு வருஷப் பெயின்ட் பாளம் பாளமாக விழுந்தது. முதல் ஜன்னல் முரண்டுபிடித்துக் கிறீச்சிட்டுத் திறந்தது. உள்ளே வந்த காற்றில் அடுக்கி வைத்திருந்த தலையணை உறைகள் புறாக் கூட்டம்போல எழுந்து கூடமெங்கும் பறந்தன. அவற்றைப் பிடிக்க வேண்டிய அறுபத்து மூன்று பேரும் பிடிக்காமல் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அன்று மதியம் எல்லோரும் செய்த முதல் வேலை, தங்கள் சட்டையைத் துவைத்துக்கொண்டதுதான்.

படம் விழாவுக்குப் போயிற்று. சோகத்தின் முகம் போஸ்டரில் வந்தது, கீழே 'துயரத்தின் தாய்' என்று போட்டிருந்தார்கள். கையெழுத்துக் காட்சியை மட்டும் கடைசியில் வெட்டிவிட்டார்கள். தொழிலாளிகள் ஜெயிப்பது நம்பும்படியாக இல்லை என்று நடுவர்கள் அபிப்பிராயப்பட்டார்களாம். முதலாளி இரண்டு நாள் சாப்பிடவில்லை.

இரண்டு மாதம் கழித்து, ஒரு மதிய நேரத்தில் வாரியத்தின் வேனில் உண்மை அதிகாரி மட்டும் ஆலைக்கு வந்து இறங்கினார். சோகம் ஜன்னலோரம் ஸ்டூலில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தாள். பக்கத்து ஸ்டூலை இழுத்துப் போட்டாள். அவர் கொஞ்சம் தயங்கிவிட்டு உட்கார்ந்தார். வாரியத்தின் கடிதத்தை நீட்டினார். காப்பகத்துக்கான பிரதியில் கூடத்தின் ஒலி சரியாகப் பதிவாகவில்லை, ஆகவே ஒரே ஒரு நாள் ஜன்னல்களை மறுபடி ஆணியடித்து ஒத்துழைக்கும்படி தலைவர் கேட்டுக்கொண்டிருந்தார்.

"முடியாதுன்னு எழுதிக் குடுத்துடுங்கம்மா," என்றார் அவரே. "நான் கொண்டுபோய்ச் சேர்த்துடறேன்."

சங்கு கடிதத்தின் பின்பக்கத்திலேயே எழுதிக் கொடுத்தாள். அதை மடித்துப் பையில் வைத்த பிறகும் அவர் எழுந்திருக்கவில்லை. கழுத்துப் பொத்தானைக் கழற்றினார், மாட்டினார், மறுபடியும் கழற்றினார்.

"பதினோரு வருஷமா மெய், மெய்னு குத்திட்டிருக்கேன். என் வேலை மட்டும் இன்னும் மெய்யாகல. தற்காலிகம்னுதான் எழுதியிருக்கு. மூணு மாசத்துக்கு ஒருதரம் புதுசாச் சேர்த்துக்கறாங்க. கேட்டா, அடுத்த படம் முடியட்டும்கறாங்க." குரலைத் தாழ்த்தினார். "அந்த மாதிரி ஒரு பேப்பர்... எனக்கும் எழுதித் தர முடியுமா?"

சங்கு வாயைத் திறந்தாள். அவளுக்கு முன்னால் சோகம் பேசினாள்.

"பேப்பரை அப்புறம் எழுதிக்கலாம் சார். நீங்க எத்தனை பேரு? அதை முதல்ல சொல்லுங்க."

"நான் ஒருத்தன்தானே..." என்றவர் பாதியில் நிறுத்தினார். ஜன்னலுக்கு வெளியே, வெயிலில் நின்ற வேனைப் பார்த்தார். பிறகு மெதுவாக விரலை மடக்க ஆரம்பித்தார். "வேன் டிரைவர்... கறை பார்க்கற பொண்ணு... லைட்டு தூக்கறவங்க நாலு பேரு..."

ஒரு கை தீர்ந்து, அடுத்த கைக்குப் போனார்.